பி.சி.ஆர். கேஸில் முன்ஜாமீன் உண்டா, இல்லையா?

சேரன்மகாதேவி பக்கத்திலிருந்து ஒரு தம்பி கேட்டிருக்கிற கேள்வி இது. கன்னடியன் கால்வாய்த் தண்ணீருக்கு மடை திறக்கிறதில் அவருடைய சித்தப்பாவுக்கும் பக்கத்து வயல்காரருக்கும் தகராறு. மறுநாள் காலையில் டீக்கடை முன்னால் அது வாய்ச்சண்டையாகி, கையும் நீண்டுவிட்டது. பக்கத்து வயல்காரர் ஆதிதிராவிடர். சித்தப்பா மேலும், கூட நின்ற அவர் மகன் மேலும் வன்கொடுமைச் சட்டத்தில் எஃப்.ஐ.ஆர். போட்டாயிற்று. மகன் கல்லூரியில் படிக்கிறான். ஒரு வக்கீல் "இதுக்கு முன்ஜாமீனே கிடையாது" என்கிறார், இன்னொருத்தர் "மதுரை ஹைகோர்ட்ல வாங்கித் தாரேன்" என்று முன்பணம் கேட்கிறார். யார் சொல்வது சரி அண்ணாச்சி என்று கேட்கிறார்.

முதல் வக்கீல் சொன்னது சட்டப் புத்தகத்தில் அப்படியே இருக்கிறது. இரண்டாமவர் சொன்னதும் சில வழக்குகளில் நடந்திருக்கிறது. உங்கள் சித்தப்பா வழக்கு எந்தப் பக்கம் போகும் என்பதை எஃப்.ஐ.ஆரை வரிவரியாகப் படிக்காமல் யாராலும் சொல்ல முடியாது. படிக்காமல் பணம் கேட்கிறவரிடம் கொடுக்காதீர்கள்.

ஊரில் எல்லாரும் பி.சி.ஆர். கேஸ் என்றுதான் சொல்கிறோம், ஆனால் அது 1955-ஆம் வருடத்துக் குடிமை உரிமைகள் பாதுகாப்புச் சட்டம், அதில் முன்ஜாமீனுக்குத் தடையே கிடையாது. இன்றைக்கு போலீஸ் போடுகிற கேஸ் எல்லாம் 1989-ஆம் வருடத்து வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில், 1990 ஜனவரி 30-இல் அமலுக்கு வந்தது. அதில் 18-ஆவது பிரிவு, இந்தச் சட்டத்தின் குற்றம் சாட்டப்பட்டவருக்கு முன்ஜாமீன் பிரிவு பொருந்தாது என்று நேரடியாகச் சொல்கிறது. முன்ஜாமீன் பிரிவு என்பது பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 438, 2024 ஜூலை 1 முதல் அதற்குப் பதிலாக வந்த பி.என்.எஸ்.எஸ். சட்டத்தில் 482. (பழைய சட்டத்தில் 482 என்பது ஹைகோர்ட்டின் உள்ளார்ந்த அதிகாரம், அதனால் கோர்ட் வராண்டாவில் யாராவது "482 போட்டிருக்கு" என்று சொன்னால் பழைய 482-ஆ புதிய 482-ஆ என்று கேட்டுக்கொள்ளுங்கள். பழைய 482 இப்போது 528.)

இந்தத் தடை நியாயமா என்று கேட்டு ஆரம்பத்திலேயே சுப்ரீம் கோர்ட் வரைக்கும் போனார்கள். 1995-இல் மத்தியப் பிரதேச அரசுக்கும் ராம்கிருஷ்ண பலோதியாவுக்கும் நடந்த வழக்கில் தடை செல்லும் என்று தீர்ப்பு வந்தது. இப்படிப்பட்ட குற்றத்தைச் செய்தவர்கள் வெளியே இருந்தால் பாதிக்கப்பட்டவர்களை மிரட்டவும் விசாரணையைக் கெடுக்கவும் வாய்ப்பு அதிகம் என்பது அங்கே சொன்ன காரணம். நம் ஜில்லாக்காரர்களுக்கு இதை விளக்க வேண்டியதே இல்லை. 2023 ஆகஸ்டில் நாங்குநேரியில் ஒரு பிளஸ் டூ பையனை வீடு புகுந்து வெட்டினார்கள், தடுக்க வந்த தங்கச்சிக்கும் வெட்டு. கூடப் படிக்கிற பையன்கள் கொடுத்த தொல்லையைப் பற்றிப் பள்ளிக்கூடத்தில் புகார் சொன்ன பிறகு நடந்தது அது. புகார் சொன்னவன் ஊரில் இருக்கும்போது புகாருக்கு ஆளானவனும் அதே தெருமுனையில் நின்றால் என்ன ஆகும் என்ற பயத்திலிருந்து வந்த பிரிவு இது. எனக்கு அந்தத் தடையில் தப்பு தெரியவில்லை, குற்றம் சாட்டப்பட்டவர்கள் பக்கம் வாதாடும்போதும் இதையே சொல்வேன்.

2018-இல் இதில் ஒரு பெரிய கலவரமே நடந்தது. அந்த மார்ச் 20-இல் சுபாஷ் காசிநாத் மகாஜன் வழக்கில் சுப்ரீம் கோர்ட், எஃப்.ஐ.ஆர். போடுவதற்கு முன்னால் டி.எஸ்.பி. முதற்கட்ட விசாரணை செய்யலாம், கைதுக்கு முன்னால் மேலதிகாரி அனுமதி வேண்டும், முன்ஜாமீனுக்கு முழுத் தடை இல்லை என்றெல்லாம் சொன்னது. நாடு முழுக்கப் போராட்டம். ஆகஸ்டிலேயே நாடாளுமன்றம் 18ஏ என்று புதுப் பிரிவு சேர்த்தது: முதற்கட்ட விசாரணை தேவையில்லை, கைதுக்கு அனுமதி தேவையில்லை, எந்தக் கோர்ட் என்ன சொல்லியிருந்தாலும் முன்ஜாமீன் கிடையாது. 2019 அக்டோபரில் சுப்ரீம் கோர்ட்டே அந்த 2018 உத்தரவுகளைத் திரும்பப் பெற்றது. 2020 பிப்ரவரி 10-இல் பிருத்விராஜ் சவுகான் வழக்கில் 18ஏ செல்லும் என்று சொல்லிவிட்டு, கூடவே ஒரு வாசலையும் திறந்து வைத்தது: புகாரைப் படித்துப் பார்த்தாலே இந்தச் சட்டத்தின் குற்றம் முகாந்திரமாக அமையவில்லை என்றால், 18-உம் 18ஏ-யும் தடையாக இருக்காது.

இரண்டாவது வக்கீல் உங்களைக் கூட்டிக்கொண்டு போகப் பார்க்கிற வாசல் இதுதான். அது எவ்வளவு குறுகலானது என்பதை அவர் சொல்லியிருக்க மாட்டார்.

கோர்ட் பார்ப்பது புகாரை மட்டும். 2012-இல் விலாஸ் பாண்டுரங் பவார் வழக்கிலேயே சுப்ரீம் கோர்ட் சொல்லிவிட்டது, முன்ஜாமீன் மனு வந்தால் புகாரில் இந்தச் சட்டத்தின் குற்றம் சொல்லப்பட்டிருக்கிறதா என்று பார்க்கலாமே தவிர, சாட்சியத்தை அலசி ஆராயக் கூடாது என்று. ஆகவே, தம்பி, நீங்கள் எழுதியிருக்கிற "சித்தப்பா சாதிப் பேரைச் சொல்லவே இல்லை, பத்துப் பேர் வந்து சொல்வார்கள்" என்பது முன்ஜாமீனில் ஒரு பைசாவுக்கு உதவாது. பத்துப் பேரும் விசாரணையின்போது கூண்டில் ஏறி சொல்லட்டும். முன்ஜாமீன் மனுவில் "என் பக்கக் கதை" என்று ஆறு பக்கம் எழுதுவது வீண், சில சமயம் ஆபத்தும் கூட, ஏனென்றால் அந்தக் கதையில் சித்தப்பா அந்த நேரம் அந்த டீக்கடை முன்னால்தான் நின்றார், சண்டை போட்டார் என்று நீங்களே ஒத்துக்கொண்டிருப்பீர்கள்.

போன வருடம், 2025 செப்டம்பர் 1-இல் வந்த கிரண் வழக்கின் தீர்ப்பு இதை இன்னும் இறுக்கிவிட்டது. மகாராஷ்டிரத்தில் தேர்தல் முடிந்த பிறகு ஒருவரை அவர் வீட்டுக்கு வெளியே வைத்து சாதியைச் சொல்லி ஏசி அடித்ததாகப் புகார். கீழ்க்கோர்ட் முன்ஜாமீன் மறுத்தது, மும்பை ஹைகோர்ட் கொடுத்தது, சுப்ரீம் கோர்ட் அதை ரத்து செய்தது. ஹைகோர்ட் முன்ஜாமீன் கட்டத்திலேயே ஒரு குட்டி விசாரணை நடத்திவிட்டது, அது தப்பு என்றார்கள். வீட்டுக்கு வெளியே நடந்தது மற்றவர் பார்வையில் படுகிற இடம்தான் என்றும் சொன்னார்கள். மதுரையில் அரசு வக்கீல் எழுந்ததும் எடுத்துப் படிக்கப் போவது இந்தத் தீர்ப்பைத்தான்.

சரி, அப்படியானால் எஃப்.ஐ.ஆரில் எதைத் தேட வேண்டும்? உங்கள் வழக்கில் போட்டிருப்பது 3(1)(ஆர்), 3(1)(எஸ்), கூடவே புதிய தண்டனைச் சட்டமான பி.என்.எஸ்.ஸில் 296(பி) (ஆபாசமாகத் திட்டியது), 115(2) (காயப்படுத்தியது), 351(3) (கொலை மிரட்டல்) என்று எழுதியிருக்கிறீர்கள். ஆர் என்பது அவமானப்படுத்தும் நோக்கத்தோடு, பொதுப் பார்வையில் படும் இடத்தில், வேண்டுமென்றே இழிவுபடுத்துவது அல்லது மிரட்டுவது. எஸ் என்பது அப்படிப்பட்ட இடத்தில் சாதிப் பெயரைச் சொல்லி ஏசுவது. இரண்டுக்கும் ஆறு மாதம் முதல் ஐந்து வருடம் வரை தண்டனை. இவை அமைய முதல் தேவை, ஏசியவர் பட்டியல் சாதியிலோ பழங்குடியிலோ இல்லாதவராக இருக்க வேண்டும், ஏசப்பட்டவர் அதில் உள்ளவராக இருக்க வேண்டும். இது எஃப்.ஐ.ஆரிலேயே எழுதியிருக்க வேண்டும். இரண்டு தரப்பும் பட்டியல் சாதியாக இருந்தால், உட்பிரிவு எதுவானாலும், இந்தச் சட்டம் பொருந்தாது. நம் மாவட்டத்தில் இன்னொன்றும் அடிக்கடி வரும்: 1950-ஆம் வருடத்து ஜனாதிபதி ஆணைப்படி இந்து, சீக்கிய, பௌத்த மதங்களைச் சேர்ந்தவர்களுக்கு மட்டும்தான் பட்டியல் சாதித் தகுதி, அதனால் புகார்தாரர் கிறிஸ்தவர் என்று ஒரு வாதம் எழும். ஆனால் அவர் கையில் செல்லுபடியாகும் சாதிச் சான்றிதழ் இருக்கும்போது, "ஞாயிற்றுக்கிழமை சர்ச்சுக்குப் போவார்" என்று முன்ஜாமீன் மனுவில் எழுதி ஜெயிக்கலாம் என்று கனவு காணாதீர்கள். உங்கள் வழக்கில் இது எதுவும் இல்லை, அதை விடுங்கள்.

அடுத்தது இடம். பாதி வழக்குகள் இதில்தான் நிற்கும் அல்லது விழும். சட்டம் கேட்பது பொது இடத்தை அல்ல, பொதுப் பார்வையை. 2008 சுவரண் சிங் வழக்கில் இதைத் தெளிவாக்கினார்கள்: வீட்டு முற்றமாக இருந்தாலும் தெருவில் போகிறவர் பார்க்க முடியும் என்றால் அது பொதுப் பார்வைதான், வீட்டுக்குள்ளேயே நடந்தாலும் சொந்தக்காரர், நண்பர் அல்லாத வெளியாட்கள் அங்கே இருந்தால் அதுவும்தான். 2020-இல் ஹிதேஷ் வர்மா வழக்கில் நாலு சுவருக்குள், வெளியாள் யாரும் இல்லாமல் நடந்தது என்பதால் குற்றச்சாட்டு நிற்கவில்லை. நம் தமிழ்நாட்டு வழக்கு ஒன்றும் உண்டு. கருப்புடையார் வழக்கு, 2025 ஜனவரி 31. பட்டா விஷயமாக வருவாய்த்துறை அலுவலகத்துக்குப் போனவர் அங்கிருந்த அதிகாரியைச் சாதி சொல்லித் திட்டினார் என்று புகார். அறைக்குள் நடந்திருக்கிறது, சக ஊழியர்கள் பிறகுதான் வந்திருக்கிறார்கள், ஆகவே பொதுப் பார்வை இல்லை என்று சுப்ரீம் கோர்ட் வழக்கையே ரத்து செய்தது.

உங்கள் சித்தப்பா வழக்கில் இடம் டீக்கடை முன்னால், காலை ஏழு மணி, எஃப்.ஐ.ஆரில் கடைக்காரர் உட்பட மூன்று பேர் பெயர் இருக்கிறது. இதற்கு மேல் பொதுப் பார்வைக்கு என்ன வேண்டும்?

மூன்றாவது, வார்த்தை. 2023-இல் ரமேஷ் சந்திர வைஷ்யா வழக்கில், சாதியைச் சொல்லித் திட்டினார் என்று மொட்டையாக எழுதினால் போதாது, என்ன சொன்னார் என்பது குற்றப்பத்திரிகையிலாவது வர வேண்டும் என்றது சுப்ரீம் கோர்ட். 2024 ஆகஸ்டில் ஷாஜன் ஸ்கரியா வழக்கில், கேரளத்து யூடியூப் சானல் ஒன்றில் ஒரு எம்.எல்.ஏ.வைப் பற்றிப் பேசியது தொடர்பாக, முன்ஜாமீனே கொடுத்தார்கள்: ஒருவர் பட்டியல் சாதிக்காரர் என்பதாலேயே அவரைத் திட்டியதெல்லாம் இந்தச் சட்டத்தில் வராது, இழிவு அந்தச் சாதி அடையாளத்தைத் தொட்டதாக இருக்க வேண்டும் என்று. ஆக, "நீ திருடன், உன் மடையை உடைப்பேன்" என்று மட்டும் எஃப்.ஐ.ஆரில் இருந்தால் முன்ஜாமீனுக்கு நல்ல வழி உண்டு. நீங்கள் அனுப்பியதில் சாதிப் பெயரோடு முழு வாக்கியமும் மேற்கோளில் இருக்கிறது. "இது தண்ணித் தகராறுதானே, சாதித் தகராறு இல்லையே" என்று கேட்கிறீர்கள். தகராறு எதில் ஆரம்பித்தது என்பது ஒன்று, வாயிலிருந்து என்ன வந்தது என்பது வேறொன்று. பிசான நடவுக்குத் தண்ணீர் வராத கோபத்தில் சாதிப் பெயர் வந்தால், தண்ணீர்த் தகராறு என்ற காரணத்தால் அது மறைந்துவிடாது. ஹிதேஷ் வர்மா தீர்ப்பில் நிலத் தகராறு பற்றிச் சொன்னதைப் பிடித்துக்கொண்டு "சிவில் தகராறு இருந்தால் பி.சி.ஆர். நிற்காது" என்று சொல்கிறவர்கள், அங்கே நாலு சுவர் இருந்ததை மறந்துவிடுகிறார்கள்.

எனவே சித்தப்பாவைப் பொறுத்தவரை முன்ஜாமீன் மனு போட்டாலும் தள்ளுபடி ஆகத்தான் அதிக வாய்ப்பு. தள்ளுபடியானால் வெறும் கையோடு திரும்புவதோடு முடியாது. குற்றம் முகாந்திரமாக அமைகிறது என்று ஒரு உத்தரவும் கையில் வரும், அதை எதிர்த்தரப்பு அடுத்த மனுவில் காட்டும்.

ஆனால் எல்லாரும் குழப்பிக்கொள்கிற ஒன்றை இங்கே சொல்லியாக வேண்டும். 18-ஆவது பிரிவு தடுப்பது முன்ஜாமீனை மட்டும். கைதான பிறகோ சரணடைந்த பிறகோ கேட்கிற சாதாரண ஜாமீனுக்கு இந்தச் சட்டத்தில் தனித் தடை எதுவும் இல்லை. போதைப்பொருள் சட்டத்தில் இருக்கிற மாதிரி "குற்றவாளி இல்லை என்று கோர்ட் திருப்திப்பட வேண்டும்" என்ற நிபந்தனையும் இல்லை. வாய்ச்சண்டை, சின்னக் காயம் என்ற அளவில் உள்ள வழக்கில், பழைய கேஸ் இல்லாத ஆளுக்கு, நிபந்தனையோடு ஜாமீன் கிடைப்பது அபூர்வம் அல்ல. அதனால்தான் நம் ஹைகோர்ட்டில் பல வருடமாக ஒரு வழக்கம் உண்டு: முன்ஜாமீன் கேட்காமல், உள்ளார்ந்த அதிகாரத்தில் மனு போட்டு, "சிறப்பு நீதிமன்றத்தில் சரணடையும் நாளிலேயே ஜாமீன் மனுவைப் பரிசீலிக்க வேண்டும்" என்று உத்தரவு வாங்குவது. மதுரைக் கிளையில் இது சகஜம். அந்த உத்தரவு ஜாமீன் அல்ல, அன்றைக்கே விசாரியுங்கள் என்பதுதான். பாளையங்கோட்டையில் சரணடைந்த அன்று சாயந்திரம் வீட்டுக்கும் போகலாம், சென்ட்ரல் ஜெயிலுக்கும் போகலாம்.

இதில் சறுக்குகிற இடம் நோட்டீஸ். 2016-இல் சேர்த்த 15ஏ பிரிவின்படி பாதிக்கப்பட்டவருக்கு ஜாமீன் உட்பட ஒவ்வொரு நடவடிக்கைக்கும் முன்கூட்டியே தகவல் கொடுக்க வேண்டும், அவர் வந்து பேச நினைத்தால் கேட்க வேண்டும். 2021-இல் ஹரிராம் பாம்பி வழக்கில் இது கட்டாயம், கண்துடைப்பு அல்ல என்று சுப்ரீம் கோர்ட் சொன்னது. நோட்டீஸ் போய்ச் சேராமல் வாங்கிய ஜாமீன் பிறகு ரத்தாகும். சரண்டருக்கு முன்னாலேயே அரசு வக்கீலிடம் மனு நகல் கொடுத்து, போலீஸ் மூலமாகப் புகார்தாரருக்கு நோட்டீஸ் சேர்ந்துவிட்டதா என்று பார்த்துக்கொண்டு தேதி குறிக்கச் சொல்லுங்கள். இதைச் செய்யாமல் திங்கட்கிழமை போய்ச் சரணடைந்து, "நோட்டீஸ் போகல, வியாழக்கிழமை பாக்கலாம்" என்று கேட்டு உள்ளே போனவர்கள் நிறைய. சிறப்பு நீதிமன்றம் மறுத்தால் 14ஏ-இன் கீழ் ஹைகோர்ட்டில் மேல்முறையீடு, அதற்கு 90 நாள் கெடு.

கைது கட்டாயம் என்று நினைத்து சித்தப்பாவைத் திருப்பூருக்கு அனுப்பி வைத்திருக்கிறீர்கள் போலிருக்கிறது. 18ஏ-யில்கூட கைதுக்கு அனுமதி வேண்டாம் என்கிற இடத்தில் "தேவைப்பட்டால்" என்ற சொல் இருக்கிறது. உங்கள் வழக்கில் போட்டிருக்கிற பிரிவுகள் எல்லாம் ஏழு வருடத்துக்குள் தண்டனை உள்ளவை, அதனால் பி.என்.எஸ்.எஸ். 35(3)-இல் நோட்டீஸ் கொடுத்துக் கூப்பிட்டு விசாரிக்கவும் வழி உண்டு. விசாரிக்க வேண்டியவர் டி.எஸ்.பி. அந்தஸ்துக்குக் குறையாத அதிகாரி. அவர் நோட்டீஸ் கொடுக்க வீட்டுக்கு ஆள் அனுப்பும்போது "ஆளைக் காணோம்" என்று எழுதிப் போனால், கைது தேவை என்பதற்கு நீங்களே காரணம் எழுதிக் கொடுத்த மாதிரி.

அப்புறம் ஊர்ப் பெரியவர்களை அனுப்பிப் பேசி முடிப்பது. 2021-இல் ராமாவதார் வழக்கில், அடிப்படையில் தனிப்பட்ட தகராறாக இருந்து, சமரசம் உண்மையாகவே இருந்தால் வன்கொடுமை வழக்கையும் ரத்து செய்யலாம் என்று சுப்ரீம் கோர்ட் ஒத்துக்கொண்டது நிஜம். ஆனால் எஃப்.ஐ.ஆர். போட்ட மறுவாரம் நாலு பைக்கில் அவர் தெருவுக்குப் போவது சமரசம் அல்ல. அது சாட்சியை மிரட்டிய புதுக் கேஸாக வரும், கிடைத்த ஜாமீனும் போகும். "அவன் காசுக்காகத்தான் கேஸ் குடுத்தான்" என்று வாட்ஸப்பில் பரப்புவதையும் நிறுத்தச் சொல்லுங்கள். 2016 விதிப்படி இந்தப் பிரிவுகளுக்கு நிவாரணம் மொத்தம் ஒரு லட்ச ரூபாய், அதிலும் எஃப்.ஐ.ஆர். கட்டத்தில் கால்வாசிதான், இருபத்தைந்தாயிரத்துக்காக வருடக்கணக்கில் கோர்ட்டுக்கு அலைந்து, பக்கத்து வயல்காரனின் பகையையும் சம்பாதிக்கிறவன் எத்தனை பேர் இருப்பான் என்று யோசித்துப் பாருங்கள்.

இப்போது மகன் விஷயம். எனக்கு உங்கள் எஃப்.ஐ.ஆரில் முக்கியமாகப் பட்டது இவன் பெயர்தான். கோர்ட் குற்றம் சாட்டப்பட்ட ஒவ்வொருவரையும் தனித்தனியாகப் பார்க்கும். சாதிப் பெயரைச் சொன்னதாக எழுதியிருப்பது சித்தப்பாவை மட்டும். மகனைப் பற்றி "அவருடன் இருந்தார், கையால் தள்ளினார்" என்று ஒரே வரி. அவன் வாயிலிருந்து ஒரு சொல்லும் வந்ததாகப் புகாரே சொல்லவில்லை. அப்படியிருக்க அவனுக்கு ஆரும் எஸ்ஸும் முகாந்திரமாக அமைகிறதா என்ற கேள்வி நியாயமாக எழும். பிருத்விராஜ் சவுகான் தீர்ப்பு திறந்து வைத்த வாசல் இந்த மாதிரி ஆளுக்குத்தான். ஒரு இடைஞ்சல், தள்ளியதற்கு 115(2) இருப்பதால் 3(2)(விஏ) சேர்த்துவிட்டால் அதுவும் இந்தச் சட்டத்தின் குற்றம்தான், ஏனென்றால் எதிராளியின் சாதி தெரிந்து செய்த சில சாதாரணக் குற்றங்களையும் அது இழுத்துக்கொள்ளும். பக்கத்து வயல்காரரின் சாதி தெரியாது என்று சொல்லவும் முடியாது, குடும்பத்தை நேரடியாகத் தெரிந்திருந்தால் தெரியும் என்றே கோர்ட் அனுமானிக்க வேண்டும் என்று 8-ஆவது பிரிவு சொல்கிறது. இப்போதைக்கு அந்தப் பிரிவு உங்கள் எஃப்.ஐ.ஆரில் இல்லை. செக்ஷன் ஆல்டர் ஆவதற்குள், அதாவது போலீஸ் புதுப் பிரிவைச் சேர்ப்பதற்குள், அவனுக்கு மட்டும் தனி மனுவாகப் பாளையங்கோட்டை சிறப்பு நீதிமன்றத்தில் முன்ஜாமீன் போடுங்கள். அப்பாவோடு சேர்த்து ஒரே மனுவாகப் போட்டால் அவர் பாரத்தில் இவனும் முங்குவான். மனு ரெண்டு பக்கத்துக்கு மேல் வேண்டாம்: எஃப்.ஐ.ஆர். நகல், அவன்மேல் உள்ள அந்த ஒரு வரி, கல்லூரி அடையாள அட்டை, பழைய வழக்கு எதுவும் இல்லை என்ற விவரம். மதுரைக்கு முன்பணம் கேட்ட வக்கீலிடம், இந்த மனுவை முதலில் இங்கே போட்டுத் தருவாரா என்று கேளுங்கள்.